கலைஞர்களின் வீடியோ போர்ட்ரெய்ட்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ஓவியர், நடனக் கலைஞர், எழுத்தாளர், பாடகர் என்று யாரோ ஒருவரைக் கேமரா முன்னால் உட்கார வைத்து, பேட்டி எடுக்காமல், வாழ்க்கை வரலாறு சொல்லாமல், அவர் அங்கே இருப்பதை மட்டும் பதிவு செய்கிற ஒரு கலை இருக்கிறது, வீடியோ போர்ட்ரெய்ட் (அசையும் உருவப்படம்) என்று பெயர். அதைப் பற்றி நண்பர்களும் மாணவர்களும் திரும்பத் திரும்பக் கேட்பவற்றை இங்கே சேர்த்திருக்கிறேன். எனக்கு மிகவும் பிடித்த விஷயம் என்பதால் சில பதில்கள் நீண்டுவிட்டன.

ஆவணப்படத்துக்கும் இதற்கும் என்ன வித்தியாசம்?

ஆவணப்படத்துக்குச் சொல்ல வேண்டிய செய்தி நிறைய இருக்கும். எங்கே பிறந்தார், யாரிடம் கற்றார், என்ன விருது வாங்கினார், சக கலைஞர்கள் அவரைப் பற்றி என்ன சொல்கிறார்கள், எல்லாம் வர வேண்டும். போர்ட்ரெய்ட்டில் அது எதுவும் தேவையில்லை. ஒரு முகம், ஒரு உடம்பு, கொஞ்சம் நேரம், அவ்வளவுதான். பார்த்து முடித்தபின் அந்தக் கலைஞரைப் பற்றி உங்களுக்குப் புதிதாக ஒரு தகவல்கூடத் தெரிந்திருக்காது, ஆனால் அவரோடு ஒரே அறையில் கொஞ்ச நேரம் இருந்துவிட்டு வந்த மாதிரி இருக்கும். அப்படி இருந்தால் அந்தப் படம் வேலை செய்திருக்கிறது என்று அர்த்தம்.

அதற்கு ஒரு நல்ல போட்டோவே போதாதா?

போட்டோவுக்கு முகத்தைத் தயார்படுத்திக்கொள்ள முடியும். நொடியில் சின்னத் துண்டுதான், அதற்குள் யாரும் தனக்குப் பிடித்த முகத்தைக் காட்டிவிடலாம். அதே முகத்தை நான்கு நிமிஷம் பிடித்து வைத்திருக்க முடியாது. முதல் நிமிஷம் ஒரு பாவனை இருக்கும், இரண்டாவது நிமிஷம் அது தளரும், அப்புறம் எச்சில் விழுங்குவார், கண் எங்கோ போகும், எதையோ நினைத்துக்கொள்வார், திடீரென்று கேமரா இருப்பது ஞாபகம் வந்து மறுபடி நிமிர்வார். அந்தத் தளர்வும் நிமிர்வும் மாறி மாறி வருவதைத்தான் வீடியோ பிடிக்கிறது.

இது எப்போது தொடங்கியது? யூடியூப் காலத்து விஷயமா?

இல்லை, வீடியோ வருவதற்கு ரொம்ப முன்பே தொடங்கிவிட்டது. முதல் உலகப் போரின் தொடக்கத்தில், 1914 அக்டோபரில், ஜெர்மன் அறிஞர்கள் 93 பேர் தங்கள் ராணுவத்துக்கு ஆதரவாக ஓர் அறிக்கை வெளியிட்டார்கள். அதற்குப் பதில் சொல்கிற மாதிரி, பிரான்ஸின் பெரிய கலைஞர்களை உயிரோடு திரையில் காட்டுவோம் என்று கிளம்பினார் சாஷா கித்ரி என்ற நாடகக்காரர். 1915இல் காட்டப்பட்ட அந்த மௌனப் படத்தில் ரோதென் சிலை செதுக்குகிறார், மோனே ஜிவெர்னியில் தன் குளக்கரையில் வரைகிறார், நடிகை சாரா பெர்னார் வருகிறார். திரைக்குப் பக்கத்தில் நின்று கித்ரியே பேசுவார்.

அதில் ஓவியர் ரெனுவார் வரும் பகுதியை எல்லோரும் பார்க்க வேண்டும். எழுபது வயதைத் தாண்டிவிட்டார், மூட்டுவாதத்தில் விரல்கள் சுருண்டுபோயிருக்கின்றன, பக்கத்தில் நிற்கிற சிறுவன், அவருடைய கடைசி மகன் க்ளோத், தூரிகையைக் கையில் சொருகிக் கொடுக்கிறான். அந்தக் கையால்தான் அவர் அப்போதும் தினமும் வரைந்துகொண்டிருந்தார். இதை எந்த வாழ்க்கை வரலாற்றிலும் படிக்கலாம், ஆனால் அந்தக் கை கான்வாஸை நோக்கிப் போகிற வேகத்தைப் படித்துத் தெரிந்துகொள்ள முடியாது.

ஓவியர் தெகாவோ படம் பிடிக்க ஒத்துக்கொள்ளவே இல்லை. கித்ரி விடாமல் தெருவில் அவர் நடந்து போகும்போது எடுத்துவிட்டார். தொப்பி, வெள்ளைத் தாடி, கேமராவைக் கடந்து போகிற ஒரு கிழவர். வரலாற்றுக்கு அது பொக்கிஷம்தான். ஆனால் வேண்டாம் என்று சொன்ன மனிதரிடமிருந்து எடுத்தது அது என்பதை மறந்துவிட்டு என்னால் அதைப் பார்க்க முடியவில்லை.

ஆண்டி வார்ஹால் பெயர் ஏன் எப்போதும் வருகிறது?

ஏனென்றால் இந்தக் கலையின் இலக்கணத்தை அமெரிக்க ஓவியரான அவர்தான் எழுதினார் என்று சொல்லலாம். 1964 முதல் 1966 வரை, நியூயார்க்கில் ஃபேக்டரி என்று அழைக்கப்பட்ட தன் ஸ்டூடியோவுக்கு வந்தவர்களையெல்லாம் ஒரு நாற்காலியில் உட்கார வைத்து, 16 மி.மீ. போலெக்ஸ் கேமராவை டிரைபாடில் நிறுத்தி, 100 அடி பிலிம் சுருள் தீரும்வரை ஓட விட்டார். அசையாதே, முடிந்தால் கண் சிமிட்டாதே என்பதுதான் பொதுவான விதி. ஒலி கிடையாது. 'ஸ்க்ரீன் டெஸ்ட்' என்று பெயர், ஆனால் எந்தப் படத்துக்கான தேர்வும் இல்லை. மொத்தம் 472 சுருள்கள் மிஞ்சியிருக்கின்றன. பாப் டிலன், சூசன் சொன்டாக், ஆலன் கின்ஸ்பெர்க், மார்செல் துஷாம்ப், சல்வதோர் தாலி எல்லோரும் அந்த நாற்காலி முறைக்குள் வந்தவர்கள்.

இங்கே ஒரு நுட்பம் இருக்கிறது. நொடிக்கு 24 ஃபிரேம் வேகத்தில் எடுத்ததை 16 ஃபிரேம் வேகத்தில் திரையிடச் சொன்னார் வார்ஹால். அதனால் மூன்று நிமிஷத்துக்கும் குறைவாக எடுத்தது நான்கு நிமிஷத்துக்கு மேல் ஓடுகிறது. ஸ்லோமோஷன் என்று கண்ணுக்குப் பட்டென்று தெரியாது, ஆனால் இமை மூடித் திறப்பது லேசாகக் கனத்துவிடும், புகை கொஞ்சம் தயங்கி மேலே போகும். யாரோ தூங்கி எழுந்த மாதிரியும் தியானத்தில் இருக்கிற மாதிரியும் தெரிவதற்கு அதுதான் காரணம்.

ஆன் புக்கானன் என்ற பெண் விதியை அப்படியே கடைப்பிடித்தார். கண் சிமிட்டவே இல்லை. கொஞ்ச நேரத்தில் கண்ணில் நீர் கோத்து, வழிந்து, கன்னத்தில் இறங்குகிறது, முகத்தில் ஒரு சலனமும் இல்லை. அவர் அழவில்லை, வறண்ட கண் தன் வேலையைச் செய்கிறது, அது நமக்குத் தெரியும், தெரிந்தும் மனசு பிசைகிறது. ராக் பாடகர் லூ ரீட் கோக் பாட்டிலை எடுத்துக் குடிக்கிறார், ஒரு விளம்பரப் படம்போல இருக்கிறது, கொஞ்ச நேரத்தில் அந்த விளம்பரத்தனமே அவருடைய கவசம் என்று புரிந்துவிடும். வார்ஹால் பல நேரம் கேமராவை ஓட விட்டுவிட்டு அங்கிருந்து நகர்ந்துவிடுவாராம். எதிரில் ஆள் இல்லாமல் இயந்திரத்தோடு மட்டும் விடப்பட்ட மனிதர் என்ன செய்வார் என்பதுதான் அந்த 472 சுருள்களும்.

கலைஞர் என்றால் வேலை செய்யும்போது எடுப்பதுதானே சரி? ஓவியர் வரைய வேண்டாமா?

எல்லோருக்கும் முதலில் தோன்றுவது இதுதான். ஆபத்தும் இதில்தான் இருக்கிறது.

1950இல் ஹான்ஸ் நமுத் என்ற புகைப்படக்காரர் ஜாக்சன் பொல்லாக்கை லாங் ஐலண்டில் அவர் வீட்டருகே படமெடுத்தார். உள்ளே விளக்கு வசதி போதாது என்பதால் வெளியே, குளிர்காலம் நெருங்குகிற நேரத்தில், வரையச் சொன்னார். தரையில் கான்வாஸை விரித்துப் பெயின்ட்டைச் சொட்ட விடுகிற பொல்லாக்கின் முறை மேலிருந்து பார்த்தால் போதவில்லை, முகமும் கையும் தெரிய வேண்டும் என்று ஒரு பெரிய கண்ணாடித் தகட்டை உயரத்தில் நிறுத்தி, அதன்மேல் வரைய வைத்து, கீழே படுத்துக்கொண்டு மேல்நோக்கி எடுத்தார். அற்புதமான காட்சிதான். ஆனால் கண்ணாடியில் தொடங்கிய முதல் ஓவியத்தோடு தொடர்பு விட்டுப்போய், வேறொன்றை ஆரம்பித்ததாகப் படத்தில் பொல்லாக்கின் குரலே சொல்கிறது. வாரக்கணக்காக இன்னொருவருக்காக 'தன்னியல்பாக' இருந்து காட்ட வேண்டியிருந்தது அவருக்கு. படப்பிடிப்பு முடிந்த அன்று மாலை, சுமார் இரண்டு வருஷமாகத் தொடாமல் இருந்த மதுவை எடுத்தார், விருந்து மேசையைக் கவிழ்த்தார். 1956இல் குடித்துவிட்டுக் கார் ஓட்டி விபத்தில் இறந்தார். எல்லாவற்றுக்கும் அந்தப் படப்பிடிப்புதான் காரணம் என்று யாரும் சொல்ல முடியாது. ஆனால் ஒருவர் தனிமையில் செய்கிறதைக் கேமராவுக்காகத் திரும்பத் திரும்பச் செய்யச் சொல்வது லேசான விஷயம் இல்லை என்பதற்கு இதைவிட உதாரணம் வேண்டாம்.

பிக்காசோ மறுகோடி. பிரெஞ்சு இயக்குநர் க்ளூஸோ 1956இல் வெளியிட்ட படத்தில், மை மறுபக்கம் ஊறித் தெரிகிற தாளில் பிக்காசோ வரைய, கேமரா தாளுக்குப் பின்னால் இருக்கிறது. கோடு தானாக வளர்கிற மாதிரி தெரியும். ஒளிப்பதிவு செய்தவர் க்ளோத் ரெனுவார், அந்த ரெனுவாரின் பேரன். (1915இல் தூரிகை எடுத்துக் கொடுத்த க்ளோத் இவருடைய சித்தப்பா.) பிக்காசோவுக்குக் கேமரா பிடிக்கும், சட்டையில்லாமல் நின்று சவால் விடுவார், ரசித்துச் செய்வார். படம் நன்றாக இருக்கிறது. ஆனால் அது கோட்டின் போர்ட்ரெய்ட், மனிதருடையது இல்லை என்பது என் எண்ணம்.

அப்படியானால் கலைஞரை என்னதான் செய்யச் சொல்வது?

முடிந்தவரை ஒன்றும் இல்லை. இதை ஆழமாகப் புரிந்துகொண்டவர் டசீதா டீன் என்ற ஆங்கிலேயக் கலைஞர்.

மெர்ஸ் கன்னிங்ஹாம் இருபதாம் நூற்றாண்டின் மாபெரும் நடன அமைப்பாளர்களில் ஒருவர். அவருடைய வாழ்க்கைத் துணை இசையமைப்பாளர் ஜான் கேஜ். 1952இல் கேஜ் எழுதிய ஒரு படைப்பில் வாத்தியக்காரர் நான்கு நிமிஷம் முப்பத்து மூன்று நொடி எதையும் வாசிக்க மாட்டார், மூன்று பகுதிகள், சுற்றியுள்ள சத்தம்தான் இசை. கேஜ் 1992இல் இறந்துவிட்டார். 2007 ஏப்ரலில் நியூயார்க்கில் தன் நடனக்கூடத்தில் 88 வயது கன்னிங்ஹாம் ஒரு நாற்காலியில் உட்கார்ந்தார். கேஜின் அந்த மௌனத்துக்கு அசையாமல் 'ஆடினார்'. ஒவ்வொரு பகுதி முடிந்ததும் உட்காரும் விதத்தைக் கொஞ்சம் மாற்றிக்கொள்வார், அதுதான் நடனம் முழுவதும். டீன் இதை ஆறு தடவை படமாக்கி, ஆறு திரைகளில் கிட்டத்தட்ட ஆளுயரத்துக்குக் காட்டினார். திரைகளுக்கு நடுவே நாம் நடக்க வேண்டும்.

என்ன நடக்கிறது இதில்? ஒரு கிழவர் உட்கார்ந்திருக்கிறார். ஆனால் வாழ்நாள் முழுக்க உடம்பை அசைத்தவர் அசையாமல் இருப்பதற்கும் நாம் அசையாமல் இருப்பதற்கும் எவ்வளவு வித்தியாசம் என்பது முதுகிலும் கழுத்திலும் தெரிகிறது. போய்விட்ட துணையின் படைப்புக்குள் போய் உட்கார்ந்திருக்கிறார் என்பதும் ஒரு வார்த்தை இல்லாமல் தெரிகிறது. 2009இல் அவரும் இறந்துவிட்டார். இந்த வகையில் நான் அறிந்தவற்றுள் இதற்கு மேல் ஒன்று இல்லை என்றே சொல்வேன்.

டீனே சை டோம்ப்ளியை எடுத்தபோது ஓவியர் வரைவதே இல்லை, வர்ஜீனியாவின் சிறிய ஊரில் தன் ஸ்டூடியோவில் உட்கார்ந்திருக்கிறார், பேசுகிறார், சாப்பிடப் போகிறார். டேவிட் ஹாக்னியை 2016இல் எடுத்தது இன்னும் எளிமை: தான் வரைந்த உருவப்படங்கள் பின்னால் தொங்க, ஹாக்னி ஐந்து சிகரெட் பிடிக்கிறார். மற்றவர்களை மணிக்கணக்காக உட்கார வைத்து உற்றுப் பார்த்த கண்கள் இப்போது தானே பார்க்கப்படுகின்றன.

டீன் எடுத்தது, வார்ஹால் எடுத்தது எல்லாம் பிலிம். அதைப்போய் வீடியோ என்று சொல்லலாமா?

கறாராகச் சொன்னால் கூடாது, டீனுக்கு அது முக்கியமும்கூட, அவர் பிலிமை விடாமல் பிடித்திருப்பவர். ஆனால் கேள்வி ஒன்றுதான்: ஒருவரைச் சும்மா பார்த்துக்கொண்டே இருந்தால் என்ன தெரியும்? அதனால் சேர்த்தே பேசுகிறேன்.

ராபர்ட் வில்சன் செய்தது மாதிரி மேக்கப், உடை, செட் எல்லாம் போட்டால் அது போர்ட்ரெய்ட்டா?

நாடக இயக்குநர் வில்சன் 2004 முதல் எச்.டி. கேமராவில் நிறைய எடுத்தார். நிமிர்த்தி வைத்த திரை, துல்லியமான நாடக வெளிச்சம், உட்காருபவர் ஏறக்குறைய சிலை. முதலில் போட்டோ என்று நினைப்போம், அப்புறம் ஒரு இமை அசையும். வினோனா ரைடர் பெக்கெட் நாடகத்தில் வருவதுபோல் மண்மேட்டில் புதைந்திருப்பார். நோபல் பெற்ற எழுத்தாளரும் ஓவியருமான காவோ சிங்ஜியானின் முகத்தின் மேல் எழுத்துகள் ஓடும். 2013இல் லேடி காகாவை லூவ்ர் ஓவியங்களில் உள்ளவர்களாக நிற்க வைத்தார், கொலையுண்ட பிரெஞ்சுப் புரட்சித் தலைவர் மாராவாக, அங்க்ர் வரைந்த செல்வி ரிவியேராக.

இதை வெறும் அலங்காரம் என்று ஒதுக்குபவர்கள் உண்டு. சிலவற்றில் எனக்கும் அலங்காரம்தான் எஞ்சுகிறது. ஆனால் நடிப்பவர்களை வேஷமில்லாமல் எடுப்பதுதான் உண்மை என்று நினைப்பதும் சரியில்லை. சிலருக்கு வேஷம் போட்டால்தான் உள்ளே இருக்கிற அமைதி வெளியே வரும், தெருக்கூத்துப் பார்த்தவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை.

கலைஞர் தன்னையே எடுத்துக்கொள்வதும் இதில் சேருமா?

நிச்சயமாக. 1967இல் சோனி போர்ட்டாபேக் வந்தபின் ஒரு ஆள் தனியாகத் தூக்கிப்போகிற வீடியோ கருவி கிடைத்தது, லேபுக்கு அனுப்பாமல் உடனே பார்க்கலாம். அதைவிடப் பெரிய மாற்றம், எடுக்கும்போதே மானிட்டரில் தன்னைப் பார்க்கலாம். 1971இல் வீட்டோ அக்கோன்சி மானிட்டரில் தெரிகிற தன் உருவத்தின் நட்டநடுவை விரலால் சுட்டிக்கொண்டே, கை நடுங்க நடுங்க, டேப் தீரும்வரை நிற்கிறார். பார்க்கிற நமக்கோ அவர் நம்மைச் சுட்டுவதுபோல் இருக்கும்.

ஐஸ்லாந்துக் கலைஞர் ராக்னர் கியார்ட்டன்சன் செய்கிறது வேறு மாதிரி. 2000இல் தொடங்கி ஐந்து வருஷத்துக்கு ஒருமுறை நடிகையான தன் அம்மாவோடு புத்தக அலமாரி முன்னால் நிற்கிறார், அம்மா அவர் முகத்தில் துப்புகிறார், திரும்பத் திரும்ப. படிக்கும்போது அருவருப்பாகத்தான் இருக்கும். வரிசையாகப் பார்த்தால் இருவருக்கும் வயசாகிக்கொண்டே போவது தெரியும், எச்சிலைத் தாண்டி அவர்களுக்கிடையே இருக்கிற நம்பிக்கை தெரியும்.

இந்தியாவில் இப்படி ஏதாவது உண்டா?

ஆவணப்படங்களுக்குள் ஒளிந்திருக்கின்றன. சத்யஜித் ராய் 1972இல் தன் சாந்திநிகேதன் ஆசிரியர் பினோத் பிஹாரி முகர்ஜியைப் பற்றி எடுத்த குறும்படத்தில், 1950களில் பார்வை இழந்த அந்த ஓவியர் கையால் தடவித் தடவிச் சுவரோவியம் அமைக்கிறார். விளக்கவுரை நிற்கிற இடங்களில் அந்தக் கைகளைப் பாருங்கள்.

1976இல் ராயே பரதநாட்டியக் கலைஞர் பாலசரஸ்வதியைப் பற்றி எடுத்தார், தமிழ்நாடு அரசும் பம்பாயின் தேசிய நிகழ்த்துகலை மையமும் சேர்ந்து எடுக்க வைத்த படம் அது. பதின்வயதில் கல்கத்தாவில் பாலாவின் ஆட்டத்தைப் பார்த்தவர் ராய். அவர் படமெடுத்தபோது பாலாவுக்கு 58 வயது. மேடை இல்லை, கடற்கரையில் 'கிருஷ்ணா நீ பேகனே பாரோ' ஆடுகிறார், காற்று புடவையை இழுக்கிறது, பின்னால் அலை. பாலாவின் கலைக்குக் கடற்கரை பொருத்தமில்லை, அவருக்கு அரங்கின் நெருக்கம்தான் வேண்டும் என்று வாதிடலாம், அதில் நியாயம் உண்டு. ஆனால் காற்றோடு போராடிக்கொண்டே அந்த முகம் குழந்தையை அழைப்பதில் மட்டும் குறையாமல் இருக்கிறதே, அதைப் பார்க்கக் கிடைத்தது நம் பாக்கியம். இந்த மாதிரி எடுக்கப்படாமலேயே போய்விட்ட நாதஸ்வர வித்வான்களையும் கூத்து வாத்தியார்களையும் நினைத்தால் வயிறு எரிகிறது. பாட்டை எடுத்து வைத்தோம், பாடாமல் உட்கார்ந்திருந்தபோது அவர்கள் எப்படி இருந்தார்கள் என்பதை யாரும் எடுத்து வைக்கவில்லை.

கண்காட்சியில் எவ்வளவு நேரம் நின்று பார்க்க வேண்டும்?

ஒரு சுற்று முழுக்க. பெரும்பாலானவை லூப்பில் ஓடும், நடுவில் நுழைந்தாலும் பரவாயில்லை. அலுப்பு வரும், வரட்டும், அலுப்பு வந்த பிறகுதான் கண் சின்ன விஷயங்களைத் தேட ஆரம்பிக்கும். போனில் பார்க்கிறவர்கள் குறைந்தபட்சம் திரையை முழுதாக்கி, நோட்டிஃபிகேஷனை அணைத்துவிட்டுப் பாருங்கள்.

என் போனில் எடுக்கலாமா? எப்படி?

தாராளமாக. கூத்து வாத்தியாரோ, தையல் மெஷினில் உட்கார்ந்து கவிதை எழுதுகிற பக்கத்து வீட்டுக்காரரோ, உங்களுக்குத் தெரிந்த கலைஞர் ஒருவரிடம் போய்ப் பத்து நிமிஷம் உட்காருங்கள் என்று கேளுங்கள்.

போனை டிரைபாடில் நிறுத்துங்கள், கையில் வேண்டாம். லென்ஸ் அவர் கண் மட்டத்தில் இருக்கட்டும், கீழிருந்தோ மேலிருந்தோ எடுத்தால் பார்வையில் ஒரு தீர்ப்பு கலந்துவிடும். வெளிச்சத்துக்கு ஒரு பக்க ஜன்னல் போதும். டியூப் லைட்டோ எல்.இ.டி.யோதான் இருக்கிறது என்றால் நம் ஊர் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் என்பதால் 25 ஃபிரேம், ஷட்டர் 1/50 என்று வையுங்கள், இல்லையென்றால் படம் படபடக்கும். முகத்தின் மேல் விரலை அழுத்திப் பிடித்து ஃபோகஸையும் எக்ஸ்போஷரையும் லாக் செய்துவிடுங்கள், அவர் தலையை அசைக்கும்போதெல்லாம் வெளிச்சம் மாறிக்கொண்டிருந்தால் எல்லாம் கெடும். ஏரோப்ளேன் மோட் போட மறக்காதீர்கள். பின்னணியைத் துடைத்துக் காலி செய்ய வேண்டாம், அவர் வீட்டுச் சுவர், காலண்டர், ஆணி எல்லாம் அவருடையதுதான்.

அப்புறம் ரெக்கார்டு பட்டனைத் தட்டிவிட்டு வாயை மூடிக்கொள்ளுங்கள். அதுதான் கஷ்டம். அவர் சங்கடப்படுவார், 'என்ன பண்ணணும்?' என்று கேட்பார், சிரிப்பார். உங்களுக்கு உடனே ஏதாவது சொல்லி உதவத் தோன்றும். 'ஒண்ணும் பண்ண வேண்டாம் ஐயா, சும்மா இருங்க' என்று ஒருமுறை சொல்லிவிட்டு விட்டுவிடுங்கள். அந்தச் சங்கடத்தையும் வெட்ட வேண்டாம், சிலரிடம் அதுதான் படத்தின் உயிர்.

பின்னணி இசை?

வேண்டாம். மின்விசிறிச் சத்தமும் தெருவில் போகிற காய்கறி வண்டியும் இருக்கட்டும். இசை போட்டால் அவரைப் பார்த்து என்ன உணர வேண்டும் என்று நீங்களே சொல்லிக் கொடுத்துவிடுகிறீர்கள்.

இதையெல்லாம் விற்க முடியுமா? கெட்டுப்போகாமல் எப்படி வைப்பது?

கேலரிகளில் எண்ணிக்கை வரையறுத்து, மூன்றோ ஐந்தோ பிரதிகள் என்று, சான்றிதழோடு விற்கிறார்கள். எந்தத் திரை, எந்த அளவு, ஒலி உண்டா என்பதெல்லாம் அதில் எழுதியிருக்கும். பாதுகாப்பது பெரிய தலைவலி. பழைய டேப்பை ஓட்டும் கருவிகள் அருகிவிட்டன, பெட்டி டிவிக்காகச் செய்த படைப்புகளுக்கு அந்த டிவியே கிடைப்பதில்லை. உங்களுடையதைப் போனிலேயே விட்டுவிடாமல், சுருக்காத மூலக் கோப்பை இரண்டு ஹார்டு டிஸ்கில் வையுங்கள், ஒன்றை வேறு வீட்டில். வாட்ஸ்அப்பில் அனுப்பியது பிரதி ஆகாது, தரம் போய்விடும்.

எடுத்து முடித்தபின் அவர் 'இதை யாருக்கும் காட்டாதே' என்றால்?

காட்டாதீர்கள். எடுப்பதற்கு முன்பே, எங்கே காட்டுவீர்கள், இணையத்தில் போடுவீர்களா, பணம் வந்தால் அவருக்கு என்ன பங்கு என்று பேசிவிடுவது நல்லது, ஒரு தாளில் எழுதி இருவரும் கையெழுத்துப் போட்டால் இன்னும் நல்லது. ஆனாலும் முழுப் படத்தையும் முதலில் அவருக்குப் போட்டுக் காட்டுங்கள், அவர் வீட்டிலேயே, பக்கத்தில் உட்கார்ந்து. வயதானவர்கள் சிலர் தங்கள் முகம் இவ்வளவு தளர்ந்துவிட்டதைப் பார்த்துத் திடுக்கிடுவார்கள், அதற்கு நேரம் கொடுங்கள், ஒரு வாரம் கழித்து மறுபடி கேளுங்கள். அப்போதும் வேண்டாம் என்றால் கோப்பை அவரிடமே கொடுத்துவிட்டு உங்கள் பிரதியை அழித்துவிடுங்கள்.